நோட்டீஸை வாங்கிக்கொள்ளுங்கள்

இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே விஷயம்தான்: அரசு நிலம், ஆக்கிரமிப்பு, அகற்றம். முப்பத்தோரு ஆண்டுகள் வருவாய்த் துறையில் இருந்து தாசில்தாராக ஓய்வு பெற்றவன் நான். இப்போது கேட்டு வருகிறவர்களுக்கு மனு எழுதிக் கொடுக்கிறேன். ஒரு காலத்தில் அதே மாதிரி மனுக்களின் மீது ‘ஏற்க இயலாது’ என்று எழுதித் தள்ளியவனும் நானே. இரண்டு பக்கமும் நின்று பார்த்தவன் என்றுதான் ஆசிரியர் இந்தப் பகுதியை என் தலையில் கட்டினார். நான் வழக்கறிஞன் அல்ல. நீதிமன்றம் போக வேண்டிய இடம் வந்தால் போங்கள் என்று சொல்லிவிடுவேன்.

மேய்க்கால் புறம்போக்கில் (ஆடுமாடு மேய ஒதுக்கிய அரசு நிலம்) 34 ஆண்டுகளாக வீடு கட்டிக் குடியிருக்கிறோம். வீட்டு வரி, மின் இணைப்பு, ரேஷன் அட்டை எல்லாம் இந்த முகவரிக்குத்தான். போன வாரம் கிராம உதவியாளர் ஒரு நோட்டீஸ் கொண்டுவந்தார். வாங்கினால் ஒப்புக்கொண்டதாகிவிடும் என்று என் மைத்துனர் சொன்னதால் வாங்கவில்லை. கதவில் ஒட்டிவிட்டுப் போனார். கிழித்துப் போட்டுவிட்டோம். இனி என்ன செய்வது?
– ஒரு வாசகி, திருவண்ணாமலை மாவட்டம்

அம்மா, உங்கள் மைத்துனரை எனக்கு நன்றாகத் தெரியும். நான் வேலை பார்த்த எல்லா வட்டங்களிலும் அவர் இருந்தார். நோட்டீஸில் கையெழுத்துப் போட்டால், ‘இது என் கைக்கு வந்து சேர்ந்தது’ என்பதற்கு மேல் ஒன்றும் ஆகாது. கையெழுத்துக்குக் கீழே தேதியும், ‘நகல் மட்டும் பெற்றுக்கொண்டேன்’ என்ற வரியும் எழுதிவிட்டால் வில்லங்கமே கிடையாது. வாங்க மறுத்தால் என்ன நடக்கும் தெரியுமா? ‘வாங்க மறுத்ததால் இரு சாட்சிகள் முன்னிலையில் கதவில் ஒட்டப்பட்டது’ என்று ஊழியர் எழுதிக்கொள்வார். பக்கத்து டீக்கடையில் இரண்டு கையெழுத்து வாங்குவார். கோப்பில் ‘சார்வு செய்யப்பட்டது’, அதாவது உங்களிடம் சேர்ப்பித்தாயிற்று, என்று ஏறிவிடும். அதில் என்ன எழுதியிருந்தது என்பது ஊருக்கெல்லாம் தெரியும், உங்களுக்கு மட்டும் தெரியாது.

நாளைக்கே தாலுகா அலுவலகம் போய், நோட்டீஸின் நகல் கேட்டு மனு கொடுங்கள். மனுவைக் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு திரும்பாதீர்கள். உங்கள் நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள்.

உங்களுக்கு வந்தது பெரும்பாலும் 1905-ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டப்படியான நோட்டீஸாகத்தான் இருக்கும். வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம். இன்றும் தாலுகா அலுவலகத்தில் தினமும் புழங்குகிறது. அதில் 6-ஆம் பிரிவு, 7-ஆம் பிரிவு என்று இரண்டு உண்டு. எண் வரிசையில் 6 முன்னால் இருந்தாலும், உங்கள் வாசலுக்கு 7 தான் முதலில் வர வேண்டும். ‘உங்களை ஏன் அகற்றக் கூடாது, காரணம் சொல்லுங்கள்’ என்று கேட்பது 7. ‘காலி செய்யுங்கள்’ என்று சொல்வது 6. இந்த இரண்டுக்கும் நடுவில் இருக்கிற நாட்கள்தான் உங்கள் கையில் இருப்பவை. பதில் கேட்காமல் உத்தரவு போட்டாலும், நீங்கள் கொடுத்த பதிலைப் படித்ததற்கான அடையாளமே உத்தரவில் இல்லாவிட்டாலும், மேலே போய்க் கேட்க அது ஒன்றே போதுமான காரணம். நான் பார்த்த சில அலுவலகங்களில் ஒரு கெட்ட பழக்கம் இருந்தது. 7, 6 இரண்டையும் ஒரே நாளில் தட்டச்சு செய்து, தேதியை மட்டும் காலியாக விட்டுக் கோப்பில் வைத்துக்கொள்வார்கள். இரண்டிலும் எழுத்து மங்கியிருக்கும் இடம் ஒன்றாகவே இருக்கும், ரிப்பன் ஒன்றல்லவா!

பதில் கொடுப்பதால் என்ன ஆகிவிடப் போகிறது என்று கேட்பீர்கள். என் கதை ஒன்றைச் சொல்கிறேன், பெருமைப்பட ஒன்றும் இல்லாத கதை.

1993-இல் வருவாய் ஆய்வாளராக இருந்தபோது, ஒரு கிராமத்தில் களத்துப் புறம்போக்கில் இருந்த 12 வீடுகளுக்கு நோட்டீஸ் கொடுக்கப் போனேன். பதினோரு வீட்டில் கதவைச் சாத்திவிட்டார்கள். தலையாரி பசை வாளியோடு பின்னால் வந்து ஒட்டிக்கொண்டே இருந்தார். பன்னிரண்டாவது வீட்டில் இட்லிக் கடை போட்டிருந்த ஓர் அம்மா மட்டும் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு வாங்கினார். எழுதப் படிக்கத் தெரியாது. நான்காக மடித்து அரிசிப் பானைக்குள் செருகினார். ‘என்றைக்கு வர வேண்டும், அதை மட்டும் சொல்லுங்கள்’ என்றார். விசாரணை நாளில் பக்கத்து வீட்டு எட்டாம் வகுப்புப் பெண்ணையும் கூட்டிக்கொண்டு வந்தார். கோடு போட்ட நோட்டுத் தாளில் அந்தப் பெண் எழுதிய பதில் ஐந்து வரி. நான்கு வரி அழுகை. ஐந்தாவது வரி இது: ‘எங்கள் அடுப்படிக்குப் பின்னால் கல் இருக்கிறது, அந்தக் கல்லுக்கு இந்தப் பக்கம் களம் கிடையாது என்று என் மாமனார் சொல்லியிருக்கிறார்.’

தாசில்தார் சிரித்தார். ஆனாலும் சர்வேயரை அனுப்பினார். சாம்பல் மேட்டைக் கிளறினால், கல் இருந்தது. சங்கிலி போட்டு அளந்ததில் 12 வீடுகளில் 8 வீடுகள் களத்திலேயே இல்லை, ஒட்டியிருந்த நத்தத்தில், அதாவது ஊர்க்காரர்கள் குடியிருக்க ஒதுங்கிய இடத்தில், இருந்தன. புல வரைபடத்தைப் பார்த்து நகல் எடுத்தவன் நான். உட்பிரிவுக் கோட்டைத் தவறாக இழுத்தவனும் நானே. நான்கு வீடுகள் பிறகு போயின. எட்டு வீடுகள் நின்றன. கதவைச் சாத்தியவர்களில் தப்பிய ஏழு குடும்பமும் அந்த அம்மா கடையில் ஒரு வாரம் ரொக்கம் கொடுத்து இட்லி சாப்பிட்டதாகத் தலையாரி பிறகு சொன்னார். அதுவரை கடன்தானாம்.

ஆகவே உங்கள் பதிலை இப்படித் தொடங்குங்கள்: ‘பார்வையில் கண்ட நோட்டீஸின் நகல் இன்ன தேதியில் கிடைத்தது. அதில் புல எண் இருக்கிறது. உட்பிரிவு, பரப்பு, நான்கு எல்லை இல்லை. என் முன்னிலையில் அளந்து, அளவை வரைபடத்தின் நகலைத் தர வேண்டும். நேரில் விசாரிக்கவும் கோருகிறேன்.’ நோட்டீஸில் உண்மையில் எது விடுபட்டிருக்கிறதோ அதை எழுதுங்கள். எல்லாம் சரியாக இருந்தால் அளவை மட்டும் கேளுங்கள். உங்கள் கஷ்டத்தை அதற்குப் பிறகு எழுதுங்கள். எல்லோரும் கஷ்டத்தை முதலில் எழுதுகிறார்கள். படிக்கிற அதிகாரி இரண்டாம் பக்கம் திருப்புவதில்லை. நானும் திருப்பியதில்லை.

ஆதாரங்கள் பற்றி. வீட்டு வரி ரசீதும் மின் இணைப்பும் நிலம் உங்களுடையது என்று காட்டாது. எத்தனை காலமாக இருக்கிறீர்கள் என்று காட்டும். பி மெமோ ரசீது இருந்தால் அதையும் இணையுங்கள். அது ஆக்கிரமிப்புக்காக அரசு விதிக்கும் தீர்வை. கட்டிக்கொண்டே வந்தால் பட்டா கிடைத்துவிடும் என்று ஊரில் ஒரு நம்பிக்கை. சட்டம் அதை நேர்மாறாகத்தான் படிக்கும்: நிலம் அரசுடையது என்று நீங்களே ஆண்டுதோறும் ஒப்புக்கொண்டதாக. இருந்தாலும் பழைய காலத்திலிருந்து குடியிருப்பதற்கு, அரசே கொடுத்த காகிதம் வேறு எது இருக்கிறது?

ஒன்றை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். மேய்க்கால் நிலத்தில் பட்டா கிடைப்பது கடினம். கிராமப் பொது நிலங்களை மீட்க வேண்டும் என்று 2011 ஜனவரியில் ஜக்பால் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டிப்பாகச் சொல்லிவிட்டது. அரசு அறிவிக்கையின்படி நிலமற்ற கூலித் தொழிலாளர்களுக்கோ பட்டியல் இனத்தவருக்கோ கொடுக்கப்பட்ட நிலம், ஏற்கெனவே பள்ளியோ மருந்தகமோ இயங்கும் இடம் போன்றவற்றுக்குத்தான் விலக்கு. நீங்கள் அந்த விலக்கில் வருகிறவர் என்றால் அதைப் பதிலிலேயே எழுதுங்கள், பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்று இருக்காதீர்கள். மாற்று இடம் கேட்டுத் தனியாக ஒரு மனுவும் கொடுங்கள். உத்தரவு எதிராக வந்தால் மேல்முறையீடு உண்டு. யாரிடம், எத்தனை நாளுக்குள் என்று உத்தரவிலேயே தேடுங்கள். இல்லையென்றால் அன்றே எழுத்தில் கேளுங்கள். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. உங்கள் தாலுகா நீதிமன்ற வளாகத்தில் வட்டச் சட்டப் பணிகள் குழு இருக்கும். 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம்.

‘நாளைக் காலை ஜேசிபி வரும், சாமான்களை எடுத்துவிடுங்கள்’ என்று வி.ஏ.ஓ. வாய்மொழியாகச் சொல்லிவிட்டுப் போனார். இது செல்லுமா?
– ஒரு வாசகர், கடலூர் மாவட்டம்

செல்லாது. ஆக்கிரமிப்பைக் கண்டு மேலே அறிக்கை அனுப்புவதுதான் வி.ஏ.ஓ.வின் வேலை. அகற்ற உத்தரவிடும் அதிகாரம் அவருக்கு இல்லை. அன்று மாலையே தாசில்தார், கோட்டாட்சியர், ஆட்சியர் மூவருக்கும் எழுதுங்கள்: எந்தச் சட்டம், எந்த உத்தரவு, எனக்கு நோட்டீஸ் எப்போது தரப்பட்டது? மின்னஞ்சலில் அனுப்பினால் அனுப்பிய நேரம் பதிவாகிவிடும். இயந்திரம் வந்தால் உத்தரவைக் காட்டச் சொல்லுங்கள், கைப்பேசியில் படம் எடுங்கள். முன்னால் போய்ப் படுக்காதீர்கள். படுத்தால் மறுநாள் முதல் பேச்சு உங்கள் வீட்டைப் பற்றி இருக்காது; உங்கள் மீது போட்ட வழக்கைப் பற்றித்தான் இருக்கும்.

எதை இடிப்பதானாலும் 15 நாள் அவகாசம் தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டதாமே? சாலையோரத்தில் இருக்கும் எங்கள் கடைக்கும் அது பொருந்துமா?
– ஒரு வாசகர், ஈரோடு

சொன்னது உண்மை. சில மாநிலங்களில், குற்றம் சாட்டப்பட்டவர்களின் வீடுகளைப் புல்டோசர் கொண்டு இடிக்கும் வழக்கம் வந்தது. அதையொட்டிய வழக்கில் 2024 நவம்பர் 13 அன்று நீதிபதிகள் பி.ஆர். கவாய், கே.வி. விசுவநாதன் அமர்வு வழிமுறைகளை வகுத்தது. காரணம் கேட்டு நோட்டீஸ் தர வேண்டும். பதிவுத் தபாலிலும் அனுப்ப வேண்டும், கட்டடத்திலும் ஒட்ட வேண்டும். பதில் சொல்ல 15 நாள், அல்லது உள்ளூர்ச் சட்டம் தரும் காலம், இதில் எது அதிகமோ அது. நேரில் விசாரணை. காரணங்களோடு எழுதிய உத்தரவு. அதற்குப் பிறகும் 15 நாள் பொறுக்க வேண்டும். இடிக்கும்போது வீடியோ எடுக்க வேண்டும். எனக்கு மிகவும் பிடித்தது இன்னொன்று: நோட்டீஸ் அனுப்பியவுடன் ஆட்சியர் அலுவலகத்துக்கும் மின்னஞ்சல் போக வேண்டும். பழைய தேதியைப் போட்டு நோட்டீஸ் தயாரிக்கிற வேலைக்கு அங்கே ஆணி அடித்தார்கள். அந்த வேலையைப் பற்றி நான் கேள்விப்பட்டு மட்டும் இருக்கவில்லை.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். அதே தீர்ப்பில், சாலை, தெரு, நடைபாதை, ரயில் பாதையை ஒட்டிய இடம், நீர்நிலை ஆகிய பொது இடங்களில் உள்ள கட்டுமானங்களுக்கும், நீதிமன்றமே இடிக்கச் சொன்னவற்றுக்கும் இது பொருந்தாது என்று எழுதியிருக்கிறது. எனவே கடை சாலைப் புறம்போக்கில் இருந்தால் இந்த 15 நாளை நம்பாதீர்கள். ஆனால் இந்தத் தீர்ப்பு பொருந்தாது என்பதால் நோட்டீஸே வேண்டாம் என்று ஆகிவிடாது. உங்கள் மீது எந்தச் சட்டப்படி நடவடிக்கை எடுக்கிறார்களோ அந்தச் சட்டம் கேட்கிற நோட்டீஸை அவர்கள் கொடுத்தே ஆக வேண்டும். அதிகாரிகளும் இந்த இடத்தில்தான் சறுக்குகிறார்கள்.

ஒட்டுவதைப் பற்றி இன்னொரு தீர்ப்பும் இருக்கிறது. உத்தரப் பிரதேசத்தின் பிரயாக்ராஜில் 2021 மார்ச் மாதம் நடந்தது. முந்தைய நோட்டீஸையெல்லாம் கதவில் ஒட்டியதாகச் சொன்னார்கள். தபாலில் போன உத்தரவு 6-ஆம் தேதி கைக்குக் கிடைத்தது. மறுநாளே வீடுகளை இடித்துவிட்டார்கள். மேல்முறையீடு செய்ய ஒரு நாள்கூட இல்லை. 2025 ஏப்ரல் 1 அன்று உச்ச நீதிமன்றம் பாதிக்கப்பட்ட வீட்டுக்காரர்களுக்குத் தலா 10 லட்சம் ரூபாய் கொடுக்கச் சொன்னது. உள்ளபடியே நேரில் கொடுக்க முயலாமல் ஒட்டிவிட்டுப் போகிற வழக்கத்தையும் கண்டித்தது. தலையாரியோடு பசை வாளி தூக்கிய நாட்களை நினைத்துக்கொண்டேன்.

வாய்க்கால் புறம்போக்கில் இரண்டு தலைமுறையாக இருக்கிறோம். நீர்நிலை ஆக்கிரமிப்பு என்று சொல்லி ஊரே எங்களைத் திருடரைப் போலப் பார்க்கிறது. எங்களுக்கு உரிமை ஒன்றுமே இல்லையா?
– ஒரு வாசகி, திருவாரூர் மாவட்டம்

மகளே, கசப்பாகத்தான் சொல்ல வேண்டியிருக்கிறது. அங்கேயே பட்டா வாங்கித் தருகிறேன் என்று எவராவது பணம் கேட்டால் கொடுக்காதீர்கள். நீர்நிலை என்று ஆன பிறகு எந்த நீதிமன்றமும் அதை வரன்முறை செய்ய விடாது. டெல்டாவில் வாய்க்கால் அடைபட்டால் கடைமடைக்குத் தண்ணீர் போகாது என்பது என்னைவிட உங்களுக்குத் தெரியும்.

ஆனால் கேட்கப்படும் உரிமை உங்களுக்கு உண்டு. ஏரிகளில் உள்ள ஆக்கிரமிப்பை அகற்ற 2007-இல் தமிழ்நாட்டில் தனிச் சட்டம் வந்தது. அந்தச் சட்டத்தின்படி அகற்றுவதானாலும் சம்பந்தப்பட்டவருக்கு அறிவிப்புக் கொடுத்து, அவர் சொல்வதைக் கேட்ட பிறகே செய்ய வேண்டும் என்று 2010-இல் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. அந்த வாய்ப்பை எதற்குப் பயன்படுத்த வேண்டும்? எல்லைக்கு. வாய்க்காலின் பதிவான அகலம் எவ்வளவு, இப்போது தரையில் எவ்வளவு, உங்கள் வீட்டில் எத்தனை அடி அதற்குள் வருகிறது? வருவாய்த் துறையின் இணையச் சேவைத் தளத்தில் ‘அ’ பதிவேட்டு விவரமும் (நிலத்தின் வகையும் பரப்பும் எழுதிய பதிவேடு) புல வரைபடமும் கிடைக்கும், எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். முழு வீடும் போகும் என்று அழுதவர்கள், அளந்து பார்த்ததும் திண்ணையும் ஒரு அறையும் மட்டும் இழந்து மிச்சத்தில் குடியிருப்பதைப் பார்த்திருக்கிறேன். திண்ணையோடு போகும் என்று நினைத்து முழு வீட்டையும் இழந்தவர்களும் உண்டு.

மாற்றுக் குடியிருப்பும் அவகாசமும் கேளுங்கள். வீட்டில் பத்தாம் வகுப்போ பன்னிரண்டாம் வகுப்போ படிக்கிற பிள்ளை இருந்தால் தேர்வு அட்டவணையை இணைத்துக் கொடுங்கள். சட்டம் அதைக் கட்டாயம் என்று சொல்லவில்லை. ஆனால் கோப்பில் அந்தத் தாள் இருந்தால், மார்ச் மாதத்தில் இடிக்கச் சொல்லிக் கையெழுத்திட எவருக்கும் கொஞ்சம் கை தயங்கும்.

கிராம நத்தத்தில் தாத்தா காலத்து வீடு. பட்டா இல்லை. ‘அரசு புறம்போக்கு, காலி செய்’ என்று நோட்டீஸ். என்ன பதில் எழுதலாம்?
– ஒரு வாசகர், விழுப்புரம் மாவட்டம்

புறம்போக்கு என்ற சொல்லைத் திட்டுவதற்கு எடுத்துக்கொண்டது நம் ஊரின் சாமர்த்தியம். கணக்கில் அதற்கு வசை கிடையாது. தீர்வை விதிக்காமல், பொது உபயோகத்துக்காகக் கணக்குக்குப் புறம்பே நிறுத்திய நிலம், அவ்வளவுதான். ஏரி, பாதை, களம், சுடுகாடு எல்லாம் அதில் வரும்.

நத்தம் வேறு. ஊர்க்காரர்கள் குடியிருக்க என்று ஒதுங்கிய இடம். நத்தத்தில் வீடு கட்டிக் குடியிருக்கிறவரின் இடம் அரசுக்குச் சொந்தமானதல்ல, 1905-ஆம் ஆண்டுச் சட்டத்தை வைத்து அவரை அகற்ற முடியாது என்று சென்னை உயர் நீதிமன்றம் பல தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறது. அதை எழுதுங்கள். பதிவேட்டில் ‘நத்தம்’ என்று இருக்கும் பக்கத்தின் நகலை இணையுங்கள். சில இடங்களில் நத்தத்துக்குள்ளேயே பாதை, குளம் என்று தனி உட்பிரிவு இருக்கும். உங்கள் வீடு அதில் இல்லை என்பதைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

நான் ஓய்வு பெற்ற ஆசிரியர். அரசு நிலத்தில் 30 ஆண்டுகள் தொடர்ந்து அனுபவித்தால் நிலம் நமதாகிவிடும் என்று காலவரையறைச் சட்டத்தில் படித்தேன். நோட்டீஸுக்குப் பதில் தராமல் நேராக உரிமையியல் நீதிமன்றம் போகலாமா?
– ஒரு வாசகர், தஞ்சாவூர்

ஐயா, படித்தது சரிதான். ஆனால் வெறுமனே குடியிருந்தால் போதாது. அரசுக்குத் தெரிய, அரசின் உரிமையை மறுத்து, இடையறாமல் அனுபவித்ததாக நீங்கள்தான் நிரூபிக்க வேண்டும். நடுவில் ஒருமுறை பட்டா கேட்டு மனு கொடுத்திருந்தாலே ‘உரிமையாளர் அரசுதான் என்று இவரே ஒப்புக்கொண்டார்’ என்பார்கள். மேலே சொன்ன பி மெமோவும் இங்கேதான் கழுத்தைப் பிடிக்கும். அரசுக்கு எதிராக வழக்குப் போட, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆம் பிரிவுப்படி இரண்டு மாத முன்னறிவிப்பும் வேண்டும். அவசரம் என்றால் நீதிமன்ற அனுமதி பெற்றுத்தான் அதைத் தாண்ட முடியும். முதலில் நோட்டீஸுக்குப் பதில் கொடுங்கள். வழக்கை வழக்கறிஞரோடு பேசி முடிவு செய்யுங்கள்.

வேடிக்கை ஒன்று உண்டு. இதே அனுபவ பாத்தியதை வாதத்தை அரசே ஒருமுறை ஒரு மூதாட்டியிடம் எடுத்துப் பார்த்தது. இமாச்சலப் பிரதேசத்தில் 1967-68-இல் அவருடைய நிலத்தை எந்த நடைமுறையும் இல்லாமல் எடுத்துச் சாலை போட்டார்கள். இழப்பீடு கேட்டபோது, இத்தனை காலம் எங்கள் கையில் இருந்ததால் எங்களுடையது என்றார்கள். 2020 ஜனவரியில், வித்யா தேவி வழக்கில், உச்ச நீதிமன்றம் அதை ஏற்க மறுத்து இழப்பீடு கொடுக்கச் சொன்னது. அப்போது அந்த அம்மாவுக்கு வயது எண்பது.

தள்ளுவண்டியில் பழ வியாபாரம் செய்கிறேன். விற்பனைச் சான்றிதழ் இருக்கிறது. வண்டியையும் பழத்தையும் தூக்கிப் போய்விட்டார்கள்.
– ஒரு வாசகர், மதுரை

உங்களுக்கு 2014-ஆம் ஆண்டின் தெரு வியாபாரிகள் சட்டம் இருக்கிறது. சான்றிதழில் குறித்த இடத்திலிருந்து அகற்ற 30 நாள் முன்னறிவிப்பு வேண்டும். பறிமுதல் செய்தால் பொருள் பட்டியல் கையில் தர வேண்டும். அழுகும் பொருளை நீங்கள் கேட்ட அன்றே திருப்பித் தர வேண்டும். மற்றவற்றை இரண்டு வேலை நாளுக்குள். பட்டியல் தராவிட்டால் நீங்களே ஒன்று எழுதி, எத்தனை கிலோ என்ன பழம் என்று குறித்து, அன்றைக்கே ஆணையருக்குக் கொடுங்கள்.

நான் எதிர்ப்பக்கம். எங்கள் தெருவை ஒருவர் நான்கு அடி அடைத்துச் சுவர் கட்டியிருக்கிறார். ஆம்புலன்ஸ் நுழைய முடியாது. மனு கொடுத்து இரண்டு ஆண்டுகள் ஆகின்றன. ஆக்கிரமித்தவர்களுக்கு நோட்டீஸ், விசாரணை, அவகாசம் என்று நீங்கள் எழுதிக்கொண்டே போகிறீர்கள். கண்ணுக்கு எதிரே தெரிகிற திருட்டுக்கு விசாரணை எதற்கு?
– ஒரு வாசகர், சேலம்

கேட்க வேண்டிய கேள்விதான். இதே கேள்வியை 1981-இல் பம்பாய் மாநகராட்சி கேட்டது. நடைபாதைவாசிகளை நோட்டீஸ் இல்லாமல் அகற்ற எங்கள் சட்டத்திலேயே இடம் இருக்கிறது; ஆக்கிரமித்ததை அவர்களே ஒப்புக்கொள்கிறார்கள்; கூப்பிட்டு விசாரித்தால் புதிதாக என்ன சொல்லிவிடப் போகிறார்கள் என்றது. வழக்குப் போட்டவர்களில் ஒருவர் உங்கள் சேலத்துக்காரர். நிலமற்ற கூலித் தொழிலாளி. வறட்சியில் வேலை போய் 1961-இல் பம்பாய்க்குப் போனவர். தகிசரில் ஒரு ரசாயனக் கம்பெனியில் நாள் கூலி 23 ரூபாய். பிளாஸ்டிக் தாளும் கித்தானும் போட்ட நடைபாதைக் குடிசைக்கு அங்கே ஆதிக்கம் செய்த ஒருவன் அவரிடம் 2,500 ரூபாய் பறித்திருந்தான். மனைவியும் மூன்று பெண் பிள்ளைகளும். இவ்வளவும் தீர்ப்பிலேயே இருக்கிறது.

உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 1985 ஜூலை 10 அன்று தீர்ப்புச் சொன்னது. தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் எழுதியது. பிழைப்புக்கான வழியைப் பறிப்பது உயிர் வாழும் உரிமையைப் பறிப்பதுதான். சொல்ல ஒன்றும் இருக்காது என்று நீங்களே முடிவு கட்டிவிட்டுக் கேட்காமல் இருக்க முடியாது. அரிதான சூழல் தவிர நோட்டீஸ் வேண்டும் என்றது. ஆனால் அந்தச் சேலத்துக்காரர் நடைபாதையில் தங்கிக்கொள்ளலாம் என்று சொல்லவில்லை. நீதிமன்றமே அவர்கள் தரப்பைக் கேட்டுவிட்டது, மழைக்காலம் முடியட்டும், அக்டோபர் 31 வரை அகற்றாதீர்கள் என்றது. அவ்வளவுதான் கிடைத்தது. அந்தத் தீர்ப்பைத்தான் இன்றுவரை எல்லா வழக்கிலும் மேற்கோள் காட்டுகிறார்கள்.

உங்கள் தெருவுக்கு வருகிறேன். அவசரப்படுத்துவது உங்கள் உரிமை. தகவல் உரிமைச் சட்டப்படி 10 ரூபாய் கட்டி, உங்கள் மனு யார் மேசையில் இருக்கிறது, நோட்டீஸ் கொடுத்தார்களா என்று கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். அப்படியும் நகராவிட்டால் உயர் நீதிமன்றத்தில், மனுவைக் குறித்த காலத்துக்குள் முடிக்க உத்தரவு கேளுங்கள். ஆனால் நோட்டீஸ் வேண்டாம், இடித்துத் தள்ளுங்கள் என்று மட்டும் அதிகாரியை நெருக்காதீர்கள்.

நான் தாசில்தாராக இருந்த ஊரில் ஏறக்குறைய இதே சுவர் ஒன்று இருந்தது. எனக்கு முன்னால் இருந்தவர் பொறுமை இழந்து, பதில் கேட்காமல், ஒரு சனிக்கிழமை காலையில் ஆள் வைத்து இடித்துவிட்டார். தெரு முழுக்கப் பட்டாசு. அடுத்த வாரமே சுவர்க்காரர் தடையாணை வாங்கிவிட்டார். 7-ஆம் பிரிவு நோட்டீஸ் எங்கே என்று நீதிமன்றம் கேட்டது, கோப்பில் இல்லை. இடித்ததைக் கட்டிக்கொள்ள அவருக்கு அனுமதி கிடைத்தது. நான் போய் முதலிலிருந்து அளந்து, நோட்டீஸ் கொடுத்து, விசாரித்து, உத்தரவு போட்டேன். அது மேல்முறையீட்டுக்குப் போனது. ஓய்வு பெற்ற அன்று கழுத்தில் மாலையோடு வீட்டுக்குப் போகும்போது ஜீப்பை அந்தத் தெருமுனையில் நிறுத்தச் சொன்னேன். சுவர் இருந்தது. பொங்கலுக்கு வெள்ளையடித்திருந்தார்கள்.